அம்மன் கொடுத்த காலுக்கு யார் பொறுப்பு?

1.

உண்மையை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். அப்புறம் பொய் சொல்ல வசதியாக இருக்கும். இந்தக் கதை நான் போட்ட ஒரு லைக்கில் பிறந்தது.

ஹட்டனில் என் தம்பி ஜனார்த்தனன் சட்டத்தரணி. அவனுடைய கந்தோரில் தட்டச்சு வேலை எனக்கு. அவன் கோர்ட்டுக்குப் போன நேரங்களில் அதே கணினியில் கதை எழுதுவேன். அப்படியொரு மத்தியானம், ஒரு வரியும் வராமல், போனை நோண்டிக்கொண்டிருந்தேன். டயகமப் பக்கத்துத் தேயிலைத் தோட்டமொன்றின் மாரியம்மன் திருவிழா வீடியோ ஒன்று ஓடியது. மஞ்சள் சேலை கட்டிய ஒரு பெண். இரண்டு கையையும் தலைக்கு மேல் கூப்பியபடி தீக்குழிக்குள் இறங்கினார். யாரும் பிடிக்கவில்லை. நேராக நடந்து மறுபக்கம் போய்ச் சேர்ந்தார். பறை என்ன, குலவை என்ன, எனக்கு இங்கே உட்கார்ந்திருந்தே புல்லரித்துவிட்டது. லைக் போட்டேன். கும்பிடுகிற கை மூன்றும் போட்டேன்.

அதற்குப் பிறகுதான் வீடியோவுக்கு மேலே எழுதியிருந்ததைப் படித்தேன். "அம்மன் அருளால் எங்க அண்ணி ஜீவராணி முழுசா குணமாகி தீ மிதிச்சாங்க."

ஜீவராணி. டயகம.

ஐயையோ.

அந்தப் பெயரில் ஒரு வழக்குப் பத்திரம் என் மேசையிலேயே கிடந்தது. நான்தான் அடித்திருந்தேன். "வாதியின் இடது காலானது நிரந்தரமாகப் பாதிக்கப்பட்டுள்ளது" என்று, என் இந்தப் பத்து விரலாலும்.

(ஓர் அடிக்குறிப்பு, ஆனால் அடியில் போட்டால் யாரும் படிப்பதில்லை: பந்திகளுக்கு இலக்கம் போடுவது இலக்கியப் புதுமை ஒன்றும் இல்லை. வழக்குப் பத்திரம் அடித்துப் பழகிய கை. இலக்கம் போடாவிட்டால் நான் சொல்வதில் எனக்கே நம்பிக்கை வருவதில்லை.)

2.

எப்படித் தொடங்குவது என்பதில் நிறையக் குளறுபடி நடந்தது. ஒளிக்காமல் காட்டுகிறேன்.

தொடக்கம் அ: "டயகம மலைகளைப் பனி மூடியிருந்த அந்த மதியத்தில், வீடு நோக்கி நடந்துகொண்டிருந்த ஜீவராணியை ஒரு வேன் —"

தோளுக்குப் பின்னால் மூச்சுச் சத்தம். தம்பி.

"அக்கா, பனிய எடு."

"ஏன்டா? நல்லாத்தானே இருக்கு."

"நல்லாத்தான் இருக்கும், எதிர்த்தரப்புக்கு. பனின்னு ஒரு வார்த்த வந்துச்சுன்னா டிரைவருக்கு ரோடு தெரியலம்பாங்க. அன்னிக்குச் சுள்ளுன்னு வெயில்."

மலையகக் கதையில் பனி இல்லாவிட்டால் பத்திரிகைக்காரர்களுக்குப் பாதிக் கதையைக் காணவில்லை என்று தோன்றும். என்ன செய்வது? எடுத்துவிட்டேன். இந்தக் கதை முழுவதும் வெயில்தான், பொறுத்துக்கொள்ளுங்கள்.

தொடக்கம் ஆ: "ஜீவராணி பாவம்."

இதை அடித்த அன்றைக்கு அவரே கந்தோருக்கு வந்திருந்தார். என்ன எழுதுகிறேன் என்று கேட்டார். வாசித்துக் காட்டினேன். முகம் சுருங்கிவிட்டது.

"பாவம்னு எழுதாதீங்க மிஸ். எங்க லயத்துல யாராச்சும் பாவம் மாதிரி வந்து நின்னா கடன் கேக்கத்தான் வந்துருக்கான்னு எல்லாரும் கதவ சாத்திக்கிருவாங்க."

அதையும் அடித்தாயிற்று.

தொடக்கம் இ: "மனிதனுக்குக் கால் என்பது வெறும் —"

இது கட்டுரை. மன்னித்துவிடுங்கள்.

3.

ஆகவே தொடங்காமலே நடுவில் இறங்குகிறேன்.

ஜீவராணிக்கு நாற்பத்தைந்து வயது இருக்கும். கொழுந்து பறிப்பவர். கணவர் இறந்த பிறகும் கணவரின் தங்கை பிரேமினியோடு, லயத்து வரிசையில் ஒரே வீட்டில் இருக்கிறார். ஒரு நாள் மத்தியானக் கொழுந்தை நிறுத்துக் கொடுத்துவிட்டு ரோட்டு ஓரமாக வீட்டுக்கு வந்துகொண்டிருந்தார். வளைவில் வந்த வேன் ரோட்டை விட்டு விலகி அவரைத் தூக்கி ரோட்டோரத் தண்ணீர்க் கானுக்குள் போட்டது. இடது தொடை எலும்பு முறிந்தது. உள்ளே கம்பி வைத்தார்கள். முழங்கால் பாதிதான் மடங்கும்.

சமதரையில் நடப்பார். ஏற்றம் இறக்கம் ஆகாது. தேயிலைக்கோ சமதரையில் வளர்கிற பழக்கம் கிடையாது.

கொழுந்து நிறுக்கிற மடுவத்தில் உட்கார்ந்து சாக்குத் தைக்கும் வேலை கொஞ்ச காலம் கொடுத்தார்கள். அதற்கு அரைப்பேர், அதாவது அரைநாள் சம்பளம். பிறகு சாக்கும் தீர்ந்தது, அரைப்பேரும் தீர்ந்தது. இப்போது பிரேமினி உழைத்துப் போடுகிற சோற்றைத்தான் சாப்பிடுகிறார். பிரேமினி ஒரு நாளும் முகம் கோணியதில்லை.

"அதுதான் மிஸ் எனக்குத் தொண்டையில நிக்கிது," என்றார் என்னிடம், பிரேமினி பக்கத்தில் இல்லாதபோது. "ஒரு தடவ, ஒரே ஒரு தடவ மூஞ்சியத் தூக்கி வெச்சிருந்தான்னா, நல்லா சண்ட போட்டுட்டு நிம்மதியா சாப்பிடுவேன். அவ குழம்புல கெடக்குற கருவாட்ட எல்லாம் எனக்கே போடுறா. நான் என்னத்த செய்ய?"

இந்த வழக்கில் அவர் கேட்பது அதைத்தான். தன் சோற்றைத் தான் சாப்பிட வேண்டும். வழக்குப் பத்திரத்தில் அதை வேறு மாதிரி எழுத வேண்டியிருந்தது.

நேர்த்தியை எப்போது வைத்தார் என்று கேட்கிறீர்களா? ஆஸ்பத்திரிக் கட்டிலில், காலைத் தூக்கிக் கட்டியிருந்தபோது. "தாயே, என்னைய எந்திரிச்சு நிக்க வையி. நின்னேன்னா ஒன் தீயில எறங்குறேன்." நின்றார். அடுத்து வந்த திருவிழாவில் விரதம் இருந்து, மஞ்சள் கட்டி, இறங்கினார். டயகமப் பக்கத்தில் யாரைக் கேட்டாலும் இதில் விசேஷம் ஒன்றும் இல்லை என்பார்கள். கொடுத்த வாக்கைக் கட்டினார், அவ்வளவுதான். அந்தத் தோட்டத்தில் அத்தனை பேர் இருந்தும், இதைச் சட்டத்தரணியிடம் ஒரு வார்த்தை சொல்ல வேண்டும் என்று ஒருவருக்கும் தோன்றவில்லை. எனக்கும் தோன்றியிருக்காது. அடிபட்டால் சட்டத்தரணியிடம் சொல்வோம், காணிச் சண்டை என்றால் சொல்வோம். சாமி கும்பிடப் போகிறேன் என்று யார் போய்ச் சொல்வார்கள்?

4.

கதைக்கு ஒரு வில்லன் வேண்டும் என்று பார்த்தேன். வேன் டிரைவர் தர்ஷன்தான் கைக்கு எட்டினான்.

ஒரு பந்தி எழுதிப் பார்த்தேன். சிவந்த கண், வாயில் வெற்றிலை, காதைக் கிழிக்கும் பாட்டு. எல்லாம் பொய். அந்தப் பையன் வெற்றிலையே போடமாட்டான். இடித்தவுடன் இறங்கி, தானே தூக்கி வேனில் போட்டு ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனவன் அவன். பொலிசில் "தப்பு என்னுதுதான்" என்று முதல் வாயிலேயே சொல்லிவிட்டான். ஆப்பிளும் ஹோர்லிக்ஸும் தூக்கிக்கொண்டு வார்டுக்கு வந்து, ஜீவராணியை விடப் பெரிதாக அழுது, தாதியிடம் ஏச்சு வாங்கிப் போனான். இவனை வைத்துக்கொண்டு எப்படி ஐயா வில்லத்தனம் பண்ணுவது?

ஜீவராணி முதல் நாள் கந்தோரில் கேட்ட முதல் கேள்வியே அவனைப் பற்றித்தான்.

"கேஸ் போட்டா அந்தப் பயலுக்கு என்னாகும் சேர்?"

"ஒண்ணும் ஆகாது," என்றான் தம்பி. "கேஸ் வேன்காரங்க பேர்லதான் போடுவோம். ஆனா தீர்ப்பு வந்தா கட்டப் போறது இன்சூரன்ஸ். வேன் யாரையாவது இடிச்சா நாங்க பாத்துக்கிறோம்னு சொல்லித்தானே வருசா வருசம் காசு வாங்குறாங்க. அதனால கோர்ட்டுக்கு வந்து நம்மளோட மல்லுக்கட்டுறதும் அவங்க லோயர்தான்."

"அவங்கள எனக்குத் தெரியவே தெரியாதுங்களே. தெரியாதவங்க எதுக்கு எனக்குக் கட்டணும்?"

"அதான் சட்டம்."

"பரவால்லியே," என்றார் ஜீவராணி. அரசாங்கத்தைப் பற்றி ஒரு நல்ல செய்தி கேள்விப்பட்ட முகம் அது. நான் அதற்கு முன்னால் அப்படியொரு முகத்தைப் பார்த்ததில்லை.

கதை எழுதுகிறவளுக்குக் காப்புறுதி என்பது சிக்கலான பாத்திரம். சம்பவ இடத்தில் அது இல்லை. அதற்கு யார் மேலும் கோபம் இல்லை. முகமும் இல்லை. ஆனால் கடைசியில் எல்லோரும் அதன் காலடியில்தான் போய் நிற்க வேண்டியிருக்கிறது. கிட்டத்தட்ட சாமி மாதிரி. வித்தியாசம் என்னவென்றால், சாமி குறுக்கு விசாரணை செய்வதில்லை.

5.

லைக் போட்டவர்களிலோ வெறுமனே பார்த்தவர்களிலோ காப்புறுதிக்காரர்களின் ஆள் ஒருவர் இருந்திருக்கிறார். (நான் இல்லை. சத்தியமாக நான் இல்லை.) வீடியோ அவர்களுடைய சான்றுகளில் ஒன்றாகக் கோர்ட்டுக்கு வந்து சேர்ந்தது.

தம்பி கந்தோருக்குள் குறுக்கும் நெடுக்குமாக நடந்தான். ஜீவராணி காலை நீட்டிக் கதிரையில் உட்கார்ந்திருந்தார். பக்கத்தில் பிரேமினி, சேலைத் தலைப்பால் மூக்கைத் துடைத்தபடி.

"யாருக்கிட்ட கேட்டுத் தீ மிதிச்சீங்க?"

"அம்மனுக்கு வாக்குக் குடுத்துட்டேங்க சேர்."

"கேஸ் முடியட்டும்னு ஒரு வருசம் தள்ளிப் போட்டிருக்கலாமே!"

"அம்மனுக்குத் தவணை போட முடியுங்களா? இங்கதான் நீங்க போட்டுக்கிட்டே இருக்கீங்க."

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. தம்பி என்னைப் பார்த்த பார்வையில் கணினியே அணைந்திருக்கும்.

பிரேமினி மூக்கை உறிஞ்சிக்கொண்டு, ஒரு நல்ல செய்தி சொல்கிற அவசரத்தில் முந்திக்கொண்டார். "சேர், ஒண்ணும் யோசிக்காதீங்க. நான் அந்த வீடியோவ நேத்தே அழிச்சுட்டேன்."

தம்பி நடப்பதை நிறுத்தினான். தலையில் கை வைத்து உட்கார்ந்தான். "அது அவங்க கைக்கு எப்பவோ போயிருச்சும்மா. இப்ப அழிச்சதால, மறைக்கப் பாத்தாங்கன்னு அதையும் சேத்துச் சொல்லப் போறாங்க."

"ஐயோ! அப்ப திரும்பப் போட்டுறவா?"

"ஒண்ணும் போடாதீங்க! தயவுசெஞ்சு ஒண்ணும் போடாதீங்க!"

பிரேமினி ஓவென்று அழ ஆரம்பித்தார். "அண்ணி, நான்தான் ஒங்க பொழப்பக் கெடுத்துட்டேன். பெரும பட்டுப் போட்டேன் அண்ணி."

"ஏ புள்ள, சும்மா இரு," என்றார் ஜீவராணி. "நல்லாத்தான் எடுத்திருந்த. கொழும்புல இருந்தெல்லாம் பேசுனாங்கள்ல. நெருப்புல எறங்குனவளே அழுவல, எடுத்தவ எதுக்கு அழுவுற?"

அவர்கள் கொஞ்சம் அடங்கியதும் தம்பி நிதானமாகச் சொன்னான். "இங்க பாருங்க. கோர்ட்டுல கேப்பாங்க, அம்மன் ஒங்க கால குணமாக்கிட்டாளான்னு. இல்லன்னு சொல்லணும். அம்மனால ஒண்ணும் ஆகல, வாக்குக் குடுத்துட்டேன்னு வலியோட போனேன்னு சொல்லணும்."

"அது பொய்ங்க சேர்."

"எது பொய்? அன்னிக்கு வலி இருந்துச்சா இல்லையா?"

"இருந்துச்சு. ராத்திரியெல்லாம் பிரேமினிதான் எண்ண போட்டு நீவி விட்டா. ஆனா அம்மனால ஒண்ணும் ஆகலன்னு எப்படிங்க சொல்லுவேன்? படுத்துக் கெடந்தவள நிக்க வெச்சிருக்கா. அவ மொகத்துல நான் எப்படி முழிக்கிறது?"

"அப்படிச் சொல்லலன்னா கேஸ் தோத்தாலும் தோத்துரும்."

ஜீவராணி ஏதோ சொல்ல வாயெடுத்தார். பிரேமினி பக்கத்தில் இருந்ததால் விழுங்கிவிட்டார். அவர் விழுங்கியது என்ன என்று உங்களுக்கும் எனக்கும் தெரியும், பிரேமினிக்குத் தெரியாது.

6.

அன்றைக்கு இரவே அவரைக் காப்பாற்றிவிடுவது என்று முடிவு செய்தேன். எழுத்தாளர் என்றால் அந்த அதிகாரம்கூட இல்லாமலா?

முடிவு அ. தம்பி சொன்னபடி. சாட்சிக் கூட்டில் ஜீவராணி நிமிர்ந்து நின்று, "அம்மனால் எனக்கு ஒன்றும்

அடுத்த சொல்லை அடிக்க விரல் வரவில்லை. கதைதானே, நான் சொன்னபடி பேசு என்றேன். பேசவில்லை. கதையிலும் அந்த மனுஷி எழுந்து வெளியே போய்விட்டார்.

முடிவு ஆ. இதற்குக் காப்புறுதியின் சட்டத்தரணியை அறிமுகப்படுத்த வேண்டும். டிலானி, கொழும்பிலிருந்து வருபவர். அவரையாவது வில்லியாக்கலாம் என்று கறுப்புக் கண்ணாடி மாட்டிவிட்டேன். நேரில் பார்த்தால் கண்ணாடியே இல்லை. மலைப்பாதை வளைவுகளில் தலை சுற்றி, என் தம்பியிடமே பனடோல் கேட்டு வாங்கி விழுங்கிக்கொண்டிருந்தார். சரி, முடிவுக்கு வருகிறேன்: குறுக்கு விசாரணை உச்சத்தில் இருக்கும்போது டிலானிக்கே அருள் வந்துவிடுகிறது. கோட்டோடு ஆடுகிறார். "கட்டுடா நட்டஈட்டை!" என்று கத்துகிறார். நீதிபதி எழுந்து கும்பிட்டு —

நன்றாகத்தான் இருந்தது. பிரேமினியிடம் சொன்னபோது விழுந்து விழுந்து சிரித்தார். ஜீவராணி மட்டும், "சாமி விசயத்துல வெளையாடாதீங்க மிஸ்," என்றார், பல் தெரியாமல் சிரித்துக்கொண்டு.

முடிவு இ. இதை எழுதி முடித்து நானே கை தட்டினேன். ஜீவராணி நீதிபதியைப் பார்த்துச் சொல்கிறார்: "ஐயா, தீக்குழி சமதரை. அதில் என்னால் நடக்க முடியும். மலை சமதரை இல்லை. அதில் முடியாது." கோட்டுப் போட்டவர்கள் வாயடைத்து நிற்கிறார்கள். ஏழைத் தொழிலாளியின் அறிவு வெல்கிறது. திரை.

மறுநாள் காலை வாசித்தபோது வெட்கமாகிவிட்டது. ஜீவராணி இப்படிப் பேசியதே இல்லை. பேசுவது நான். கோர்ட்டில் ஜெயிக்க ஆசைப்படுவதும் நான். அவரை ஒரு பலகை மாதிரி தூக்கிப் பிடித்துக்கொண்டு பின்னால் நின்று கத்துகிறேன். அழித்துவிடலாம் என்றால், தம்பி அதற்குள் அந்த வரியைத் தூக்கித் தன் வாதத்தில் சேர்த்துக்கொண்டுவிட்டான். நன்றிகூடச் சொல்லவில்லை, கழுதை.

முடிவு ஈ. இது நான் எழுதியதில்லை, நடந்தது. விசாரணை அன்று காலை, கோர்ட் தாழ்வாரத்தில், காப்புறுதிக்காரர்கள் சமாதானத்துக்கு வந்தார்கள். கொஞ்சம் தருவார்கள்; கேட்டதில் ஒரு மூலைக்குக்கூடக் காணாது. அதற்கும் "முற்றாகக் குணமடைந்துவிட்டேன்" என்று கையெழுத்துப் போட வேண்டும்.

தம்பி அதை எடுத்துச் சொன்னதும் ஜீவராணி பதறிவிட்டார். "முழுசாவா? ஐயோ, வேணாங்க. நிக்க வெச்சதுக்குத்தான் நான் எறங்குனேன். முழுசாக் குணமாயிட்டேன்னு கையெழுத்துப் போட்டா, குடுக்காததுக்கெல்லாம் அம்மன் பேர்ல கணக்கு எழுதுன மாதிரி ஆயிரும்."

தம்பி தலையைச் சொறிந்துகொண்டு போய், சமாதானம் இல்லை என்று சொல்லிவிட்டு வந்தான்.

7.

இனி கோர்ட். (மொழிபெயர்ப்பாளர் ஐயா கோபிக்கக் கூடாது. கேள்வியெல்லாம் சிங்களத்தில் வந்து அவர் வாய் வழியாகத் தமிழாகி, பதில் அதே வழியில் திரும்பிப் போனது. கதை நகர வேண்டும் என்பதற்காக அவரை இங்கே எடுத்துவிட்டேன். நல்ல மனிதர், இருமல்தான் கொஞ்சம் அதிகம்.)

வீடியோவைப் போட்டார்கள். கோர்ட்டுக்குள் பறை ஒலித்தது. வாசலில் நின்ற பொலிஸ்காரர் தன்னையறியாமல் கும்பிட்டதை நான் பார்த்தேன்.

டிலானி எழுந்தார். குரலில் கடுமை இல்லை.

"இது நீங்கதானே?"

"ஆமாங்க."

"யாராவது ஒங்களப் பிடிச்சிருக்காங்களா இதுல?"

"இல்லைங்க."

"என்னன்னு வேண்டிக்கிட்டீங்க?"

"எந்திரிச்சு நிக்கணும்னு."

"நின்னீங்களா?"

"நின்னேங்க."

"அப்ப அம்மன் ஒங்களுக்குக் கால குடுத்துட்டாங்க. ஆமாவா, இல்லையா?"

நான் பின்வரிசைப் பெஞ்சில் உட்கார்ந்து கைவிரல் நகத்தையெல்லாம் கடித்துத் துப்பிவிட்டேன். ஆமா என்றால் காப்புறுதிக்காரர்கள் பையைத் தூக்கிக்கொண்டு கிளம்பலாம். இல்லை என்றால் பணம் வரலாம். ஆனால் வெள்ளிக்கிழமை விளக்கு வைக்கப் போகும்போது அம்மன் முகத்தில் முழிக்க வேண்டும். என் மனசு என்ன சொன்னது தெரியுமா? சொல்லித் தொலையேன் அம்மா, இல்லை என்று. அம்மன் பெரிய மனுஷி, கோபிக்க மாட்டாள்.

ஜீவராணி கூட்டின் கம்பியைப் பிடித்துக்கொண்டார்.

"நான் கேட்டதக் குடுத்தா. நிக்கணும்னு கேட்டேன், நிக்க வெச்சா. மலையேறணும்னு நான் கேக்கல."

"ஏன் கேக்கல?"

தம்பி அடிக்கடி சொல்வான், பதில் தெரியாத கேள்வியைக் கோர்ட்டில் கேட்கக் கூடாது என்று. டிலானிக்கும் யாராவது சொல்லித்தான் கொடுத்திருப்பார்கள். அன்றைக்கு அந்தக் கேள்வி வாயை மீறி வந்துவிட்டது என்று நினைக்கிறேன். உண்மையிலேயே தெரிந்துகொள்ள ஆசைப்பட்டவர் மாதிரித்தான் கேட்டார்.

ஜீவராணிக்கு அழுகை வெடித்தது. அழுகையோடு கோபமும் சேர்ந்து வந்தது. "எதுக்குங்க கேக்கணும்? அம்மனா என்னைய இடிச்சா? வேன்தானே இடிச்சிச்சு? வேன் ஒடச்சதையெல்லாம் அம்மனே ஒட்ட வெக்கணும்னா அப்பறம் நீங்க எதுக்கு இருக்கீங்க?"

நீங்கள் நினைப்பது மாதிரி கோர்ட் ஒன்றும் உறைந்து போகவில்லை. யாருடைய போனோ அடித்தது, அவரை வெளியே அனுப்பினார்கள். மொழிபெயர்ப்பாளர் ஐயா இருமினார், பிறகு மெதுவாகச் சொன்னார். நீதிபதி எழுதினார். என்ன எழுதினார் என்று தெரியாது. எட்டிப் பார்க்க முயன்றேன், முடியவில்லை. டிலானி, "வேற கேள்வி இல்ல," என்று உட்கார்ந்து தண்ணீர் குடித்தார். தீர்ப்புக்கு ஒரு திகதி போட்டார்கள். அடுத்த வழக்கு, யாரோ ஆடு மேய்த்த தகராறு.

"ஜெயிச்சுட்டோமாடா?" என்று தம்பியின் காதில் கேட்டேன்.

"தெரியலக்கா. அம்மன் குடுத்ததுக்கும் வேன்காரன் குடுக்க வேண்டியதுக்கும் சம்பந்தம் இல்லன்னு நான் இப்ப நல்லா வாதாடலாம். ஆனா நின்னேன், அம்மன் நிக்க வெச்சான்னு அவங்க வாயாலேயே சொல்லிட்டாங்க. குணமானத ஒத்துக்கிட்டாங்கன்னு அந்தப் பக்கம் எழுதுவாங்க. ரெண்டு விதமாவும் படிக்கலாம்."

8.

தீர்ப்பு இன்னும் வரவில்லை. அதனால் முடிவு என் கையில் இல்லை என்று சொல்லித் தப்பித்துக்கொள்ளலாம். ஆனால் அன்றைக்கு வெளியே வரும்போது நடந்ததைச் சொல்லாமல் விட்டால் எனக்குத் தூக்கம் வராது.

கோர்ட் வாசலில் செங்குத்தான படிக்கட்டு. பிடித்துக்கொள்ளக் கம்பி கிடையாது. கீழே டிலானி காருக்காக நின்றார். அவருக்குப் பக்கத்தில் காப்புறுதியின் ஆள் ஒருவர், கையில் போனோடு. போன் எங்கள் பக்கமாகத் திரும்பியிருந்தது. படம் எடுத்தாரா, சும்மா பிடித்திருந்தாரா என்று தெரியாது.

தம்பி சட்டென்று ஜீவராணியின் கையைப் பிடிக்கப் போனான். "மெதுவா. பாக்குறாங்க."

ஜீவராணி கையை விலக்கிக்கொண்டார். "விடுங்க சேர். அவங்க பாக்குறாங்கன்னு நான் நொண்டவும் மாட்டேன், அவங்க பாக்குறாங்கன்னு வீம்புக்கு நேராவும் நடக்க மாட்டேன். எங்காலு எப்படி எறங்குதோ அப்படித்தான் எறங்குவேன்."

பிரேமினி கீழே ஓடிப்போய், விழுந்தால் பிடிக்க இரண்டு கையையும் விரித்துக்கொண்டு நின்றார். ஜீவராணி சேலையைக் கொஞ்சம் தூக்கிச் செருகினார். வலது காலை முதல் படியில் வைத்தார். அடுத்து இடது காலை

இந்த இடத்தில் தம்பி வந்து கணினியை எட்டிப் பார்த்துவிட்டான்.

"அக்கா, இத வெளியில விடப் போறியா?"

"பின்னே? எழுதுனா விடத்தானே வேணும்."

"தீர்ப்பு வரல. அந்தக் கால் படியில எப்படி எறங்குச்சுன்னு நீ எழுதுனா, நல்லா எறங்குனாங்கன்னு எழுதுனா அது அவங்களுக்குச் சான்று. கஷ்டப்பட்டு எறங்குனாங்கன்னு எழுதுனா, சொந்தக் கந்தோர்க்காரியே கத கட்டி விடுறான்னு அதையும் தூக்கிட்டு வருவாங்க. அது அந்தம்மாவோட பொழப்பு அக்கா."

அவன் சொல்வது சரிதான் என்பது எனக்கு எரிச்சலாக இருந்தது. இத்தனை நாள் இந்தக் கதைக்கு என்ன முடிவு கொடுக்கலாம் என்று நான் விளையாடிக்கொண்டிருந்தேன். அந்த மனுஷிக்கு அது விளையாட்டு இல்லை என்பது பனியை எடுக்கச் சொன்ன அன்றே எனக்கு உறைத்திருக்க வேண்டும்.

ஆகவே வாக்கியத்தை முடிக்கவில்லை. இடது கால் அந்தரத்தில் இருக்கிறது. நீங்களும் அந்தப் படிக்கட்டின் கீழே நின்று பார்த்துக்கொண்டுதான் இருக்கிறீர்கள். வைப்பாரா, சறுக்குவாரா, ஒரே மூச்சில் இறங்கிவிடுவாரா, உட்கார்ந்து உட்கார்ந்து இறங்குவாரா என்று உங்கள் மனசுக்குள் இந்நேரம் ஒரு படம் ஓடியிருக்கும். அதுதான் முடிவு. நான் கேட்கப் போவதில்லை.

ஒன்றே ஒன்று. அந்தப் படத்தை உங்களோடு வைத்துக்கொள்ளுங்கள். யார் வந்து, எவ்வளவு அன்பாகக் கேட்டாலும் சொல்லிவிடாதீர்கள். ஜீவராணி அவருடைய சோற்றைச் சாப்பிட வேண்டும்.